பட்டியலில் இல்லாதவை

சோஹாருக்கு மேற்கே, வறண்ட வாதியின் ஓரம்,
பிடிபட்ட வண்டிகளை அடைத்த கம்பிவேலிக்குள்
பதினோரு டிப்பர், இரண்டு பொக்லைன்,
வெறும் சல்லியா குரோமைட்டா என்று
யாரும் இன்னும் முடிவுகட்டாத ஒரு கறுப்புக் குவியல்.
ஏழாவது டிப்பர் தவசிக்கண்ணுடையது.
உடையது என்றால், ஓட்டியது.

வியாழக்கிழமை, கடை மூடும் நேரம் வந்தார்.
சனத் அலுவலகத்தில் அரபியில் மனு தட்டுகிறவள் நான்.
விசா, வாடகை, பிறப்புச் சான்று எல்லாம் தட்டியிருக்கிறேன்.
தோண்டிய மண்ணுக்கு இதுதான் முதல்.

"வண்டிக்கு கம்பெனி வக்கீல் வச்சிருக்கு.
முப்பது நாளுக்குள்ள அப்பீலாம், ஜாமீன் பணமாம்.
எனக்கு வண்டி வேண்டாம்மா" என்றார்.
சீட்டுக்குப் பின்னால் பலகைப் படுக்கை.
அதன் மேல் ஒரு ரைஸ் குக்கர், இரண்டு கைலி,
சர்க்கரை மாத்திரை,
பி.காம் படிக்கும் மகளுக்கு வாங்கி
அட்டை பிரிக்காத கால்குலேட்டர்.
அப்புறம் ஒரு நோட்டு.

நோட்டு என்றபோது குரல் இறங்கியது.
எந்த நாள் எத்தனை நடை, எந்த மேட்டிலிருந்து,
யார் ஏற்றச் சொன்னது,
எந்த மாதம் சம்பளம் வரவில்லை.
ஏழு மாதம், பென்சிலில்.
கம்பெனி ஜெயித்து வண்டியை எடுத்தால்
நோட்டும் கம்பெனியோடு போகும்.
போனால் போனதுதான்.

வக்கீல் சுலைமா அல் பலூஷிக்குப் போன் போட்டேன்.
ஸ்பீக்கரில் அவள் காரோட்டும் சத்தம்.
"பறிமுதல் பட்டியலைப் படி" என்றாள்.
படித்தேன். சேஸிஸ் எண்கள், டயர்களின் நிலை,
டீசல் கால் டேங்க்,
குவியல் தோராயமாக முன்னூறு டன்.
குக்கர் இல்லை. கைலி இல்லை.
ஏழு மாதம் இல்லை.

"பறிக்காத பொருளை
விடுவிக்கச் சொல்லி யாரிடம் கேட்பது?" என்றாள்.
வண்டி சிக்னலில் நின்றிருக்க வேண்டும்,
அவள் பேச்சும் நின்றது.
பிறகு, "பறிக்கச் சொல்லிக் கேள்."

இப்படி ஒரு மனுவை நான் தட்டியதில்லை:
ஐயா, ஏழாம் எண் வண்டிக்குள்ளே
என் பொருள்களும் தங்கள் வசம் இருக்கின்றன.
அவற்றையும் பிடித்ததாக எழுதிக்கொள்ளவும்.
பிடித்தது என்னிடமிருந்து என்றும் எழுதவும்,
நிறுவனத்திடமிருந்து அல்ல.
தமிழில் திரும்பச் சொன்னேன்.
"திருட்டுப் போன வீட்டுக்காரன்
திருடன்கிட்ட ரசீது கேட்ட மாதிரில்ல இருக்கு" என்றார்.
கையெழுத்தைப் பெரிதாகப் போட்டார்.
கட்டணம் ஒன்றரை ரியால். ஒரு ரியால்தான் இருந்தது.
பாக்கியை என் கணக்கில் எழுதிக்கொண்டேன்.

ஞாயிறு காலை ஓர் அதிகாரி
டார்ச்சோடு கேபினுக்குள் ஏறினாராம்.
கைலியை உதறிப் பார்த்தாராம்.
நோட்டைப் புரட்டி,
ஓட்டுநர் முகத்தை ஒரு தடவை பார்த்தாராம்.

திருத்திய பட்டியல் திங்களன்று வந்தது.
பதினெட்டாவது வரி:
அறியாத மொழியில் கையெழுத்துக் குறிப்பேடு, ஒன்று.
தவசிக்கண் அதை இரண்டு தடவை படிக்கச் சொன்னார்.
"அப்ப இனிமே அதை யாரும் எடுக்க முடியாது?"
"கோர்ட்டு கேட்டால்தான் வெளியே வரும்."
"என் பேர்ல இருக்கா?"
"உங்கள் பேரில்தான்."
நாற்காலியில் அன்றுதான் சாய்ந்து உட்கார்ந்தார்.

மறுபடி வரிவரியாகப் பார்த்தேன்.
குக்கர் இருக்கிறது, கைலி இருக்கிறது,
கால்குலேட்டர் பெட்டியோடு இருக்கிறது.
"மாத்திரை விட்டுப்போச்சே அண்ணாச்சி,
இன்னொரு மனு தட்டணும்."

சட்டைப் பையைத் தொட்டுக் காட்டினார்.
"அத மட்டும் அந்த ஆளு
யாரும் பாக்காதப்ப கையில குடுத்துட்டாரு."