தெரியலை என்று ஒரு பொத்தான் இல்லை

கானாடுகாத்தானில், பித்தளைச் சாமான் பூட்டிவைத்திருந்த
உள்ளறையைத்தான் வாடகைக்குக் கேட்டோம்.
சன்னல் இல்லை. அதுதான் வேண்டும்.
கதவு மேலிருந்த வண்ணக் கண்ணாடிக்குப் பழுப்புத்தாள் ஒட்டினேன்.
கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட நடைத் தரையைச்
சாம்பல் துணியால் மூடினேன்:
அதைப் பார்த்துக்கொண்டே நடந்து வருகிறவர்களுக்குக்
கொஞ்ச நேரம் மெல்லியது எதுவும் பிடிபடுவதில்லை.
தரைக்கு என்ன கேடு என்று
வீட்டுக்காரர் சென்னையிலிருந்து போனில் கேட்டார்.
தரைக்கு ஒன்றுமில்லை, கண்ணுக்குத்தான் என்றேன்.
வாடகையில் இருநூறு கூட்டினார்.

சவரிமுத்து பதினேழாவது ஆள்.
தேவகோட்டை ரஸ்தா தடத்தில் இருபத்தாறு வருடம் பஸ் ஓட்டுகிறவர்.
தாங்கியில் மோவாயை வைத்ததும் அறை முழுக்க டீசல் வாசம்.

விதியைச் சொன்னேன்.
இரண்டு முறை மணி அடிக்கும்.
அதில் ஒரு மணியோடு மட்டும், திரையின் சாம்பலைவிட
கால் அரிசி எடை வெளுத்தும் கறுத்தும் கோடுகள் வரும்.
முதல் மணியிலா, இரண்டாவதிலா?
இடது பொத்தான். வலது பொத்தான்.
"தெரியலேன்னா?"
தெரியலை என்று ஒரு பொத்தான் இல்லை.
"பொய் சொல்லச் சொல்றீக."

முதலில் ஒரே ஒரு துண்டு, புளியங்கொட்டை அளவு.
பாதி சரி, பாதி தப்பு;
காசு சுண்டிப் போட்டாலும் அவ்வளவுதான் வரும்.
அதே மங்கலில் இரண்டு வைத்தேன். காசு லேசாகச் சாய்ந்தது.
நான்கு.
எட்டு.
பதினாறு துண்டுகள், தனியே பார்த்தால்
ஒவ்வொன்றும் இல்லாததற்குச் சமம்,
திரை முழுக்கச் சிதறி நின்றபோது
நூற்றுக்கு எண்பத்துமூன்று சரி.
"சும்மா அமுக்குறேன் தாயி, ஒண்ணுமே தெரியலை"
என்று சொல்லிக்கொண்டேதான் அமுக்கினார்.

கண்ணின் கணக்கு தாராளமானதில்லை.
பதினாறு சேர்ந்தால் பதினாறு மடங்கு என்று ஒப்புக்கொள்ளாது.
ஒவ்வோர் இடமும் தன் இரைச்சலையும் கூடவே கொண்டுவருகிறது,
வெறும் இடம் உட்பட;
அதையும் சேர்த்துத்தான் கூட்டியாக வேண்டும்.
நான்கு மடங்கு கிடைத்தால் அதிகம்.
சிலருக்கு இரண்டு.
பக்கத்தில் அழுத்தமான கோடு ஒன்று வந்து நின்றுவிட்டால்
நடுவில் இருப்பது இன்னும் வெளுக்கும்.

டீ குடிக்கும்போது சொன்னார்.
விடியற்காலை முதல் நடை. ஆறாவயல் தாண்டி ஒரு வளைவு.
எதுவோ இருக்கிற மாதிரி.
பிரேக்கை மிதித்தார், தூங்கிய சனம் முன்கம்பியில் மோதியது.
இறங்கிப் பார்த்தால் தார்ச்சாலை. வெறும் தார்.
இப்படி ஏழு முறை.
எட்டாவது முறை, ஈரத் தாரில்,
கறுப்புக் கம்பளி போர்த்தி ஒரு ஆள் படுத்திருந்தான்.
டிப்போ அந்த ஏழுக்குத்தான் மெமோ கொடுத்திருக்கிறது.
'காரணமின்றிப் பேருந்தை நிறுத்தியது.'
"கண்ணு சரிதான்னு ஒரு வரி எழுதிக் குடுங்க."

இது அதற்கான சோதனை இல்லை என்றேன்.
இதை வைத்து யாருக்கும் சான்று தரும் உரிமை எனக்கில்லை,
இங்கே அளப்பது கண்ணை அல்ல,
கண்ணுக்குப் பின்னால் நடக்கும் கூட்டலை,
சரியா தப்பா என்று என்னால்
"தெரியலேன்னு பொத்தான் இல்லேன்னு
நீங்கதானே சொன்னீக."

பேராசிரியரைக் கேட்கவில்லை.
அலுவலகத் தாளில் எழுதினேன்:
தமக்குத் தெரியவில்லை என்று இவர் சொல்லும்போதும்
நூற்றுக்கு எண்பத்துமூன்று முறை சரியாகச் சொல்கிறார்.
கையெழுத்து, தேதி.
மீதிப் பதினேழைப் பற்றி எதுவும் எழுதவில்லை.

படித்தார். புரிந்ததா என்று கேட்கவில்லை.
நான்காக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு
நடையில் போகும்போது, கால்விரலால்
துணியின் ஓரத்தை ஒதுக்கி
ஒரு கறுப்புக் கட்டம், ஒரு வெள்ளைக் கட்டம் பார்த்தார்.
திரும்ப மூடிவிட்டு
வாசலில் அந்த வெயிலுக்குள் காலை வைக்குமுன்
ஒரு நிமிடம் நின்றார்.
எதற்கென்று நான் கேட்கவில்லை.