நாற்பது நொடி அதிகம்

மழை எட்டிப் பார்க்காத லாஸ் ஏஞ்சல்ஸில்
குடைக்கடை வைத்தவரின் மகள்
மினா ஷாட்ஸ்கி.
பிட்ஸ்பர்க் குளிர் நெஞ்சுக்கு ஆகாதென்று
டாக்டர் சொல்ல, இங்கே வந்தாராம் அப்பா.
தெரிந்த தொழில் அது ஒன்றுதான்.
"நகைச்சுவை எங்கே கற்றாய்?" என்று யாராவது கேட்டால்
"அப்பாவின் கணக்குப் புத்தகத்தில்" என்பாள்.

நான் வேலைக்குச் சேர்ந்தது அறுபத்தெட்டில்.
கையில் ஒரு நிறுத்துக் கடிகாரம்.
வசனம் எத்தனை நொடி, சிரிப்பு எத்தனை நொடி.
இரண்டுக்கும் ஒரே சம்பளம்.

அப்போது அவள் தட்டச்சுக்காரி.
எழுத்தாளர்கள் ஒன்பது பேர், ஒன்பதும் ஆண்.
பர்பேங்க்கில் சன்னல் இல்லாத அறை,
ஆறிப்போன நூடுல்ஸ், கூரைவரை சிகரெட் புகை.
அவர்கள் சொல்லச் சொல்ல அடிப்பாள்.
அடிக்கும்போதே ஒரு சொல்லை முன்னே தள்ளுவாள்,
இன்னொன்றை விழுங்கிவிடுவாள்.
வெள்ளிக்கிழமை அரங்கம் அதிரும்.
ஹால் ப்ரூக்மன் தன் தோளைத் தானே தட்டிக்கொள்வான்.
காய்ச்சலில் அவள் வராத வாரம்
என் கடிகாரத்துக்கு வேலையே இல்லை.
அப்புறம்தான் அவளுக்கு ஒரு நாற்காலி போட்டார்கள்,
கதவோரம்,
போன் அடித்தால் எடுக்க வசதியாக.

அவளிடம் ஒரு காட்சி இருந்தது.
ஒருவன் குடையைத் திருப்பிக் கொடுக்க வருகிறான்.
என்ன பழுது?
அதைத் தெரிந்துகொள்ளத்தான் ஐயா
மூன்று வருஷமாய்க் காத்திருக்கிறேன்.

எழுதிய தொடரிலெல்லாம் அதைச் செருகினாள்.
எழுபத்தொன்றில், கடை செட்டுக்குக் காசில்லை.
எழுபத்தைந்தில் விளம்பரதாரர் மழைக்கோட்டு விற்பவர்.
பிறகொரு கதாநாயகன், கடைசி வரி தனக்கில்லை என்று
மேக்கப் அறையைத் தாழிட்டுக்கொண்டான்.
அப்பா இறந்த வருஷம் அவளே எழுதவில்லை.
இரண்டு தொடர்கள் ஆறாம் வாரத்தில் மண்ணைக் கவ்வின.
ஒன்று ஓடியது. ஏழு வருஷம்.
திரையில் தனி அட்டை:
தயாரிப்பு, மினா ஷாட்ஸ்கி.
ப்ரூக்மன் வேலை கேட்டு வந்தான்.
கொடுத்தாள், கதவோர நாற்காலியை.

கடைசி எபிசோடு பிப்ரவரியில்.
அன்று பார்த்து ஊற்றித் தள்ளியது மழை.
முந்நூறு பேர் சொட்டச் சொட்ட வந்து
குடைகளைக் காலடியில் மடக்கி உட்கார்ந்தார்கள்.
அவன் கடைக்குள் வந்தான்.
வரியைச் சொன்னான்.
என் கட்டைவிரல் மரத்துப்போனது.
பதினொரு நொடி.
இத்தனை வருஷத்தில் நான் அளந்ததில் அதுதான் நீளம்.

எடிட்டிங் அறை, இரவு இரண்டு மணி.
நாற்பது நொடி அதிகம்.
விவாகரத்துக் காட்சியில் கொஞ்சம் எடுக்கலாமே
என்றான் எடிட்டர்.
"அங்கே கை வைத்தால் கதை நொண்டும்.
குடையை எடு."
நான் வாயைத் திறந்தேன்.
"எத்தனை என்றாய்?"
"பதினொன்று."
காபி கோப்பையின் பக்கவாட்டில் எழுதிக்கொண்டாள்.
சற்றுப் பொறுத்து, திரையைப் பார்த்தபடியே,
"அப்பா இருந்திருந்தால்
பணத்தைத் திருப்பிக் கொடுத்திருப்பார்" என்றாள்.

எடிட்டர் சிரிக்கவில்லை.
பழக்க தோஷம்,
நான் பொத்தானை அழுத்தியிருந்தேன்.