பாக்கி

விடியற்காலை மூன்று மணி. பாயான் லெப்பாஸ்.
கேண்டீனில் தே ஓ ஆறிக்கொண்டிருக்கிறது.
கையுறைப் பெட்டியின் அட்டையைக் கிழித்து எழுதினேன்:
எக்ஸ் கனம், கழித்தல் ஏழு எக்ஸ், கூட்டல் ஆறு.

தொகுமுறை வகுத்தலில் எனக்குப் பிடித்ததே
எக்ஸைச் சுமக்க வேண்டாம் என்பதுதான்.
கெழுக்கள் போதும்.
ஒன்று, கழித்தல் ஏழு, ஆறு.
இடப்பக்கம் ஓர் ஒன்று, அடியில் ஒரு கோடு.
இறக்கு. பெருக்கு. அடுத்ததோடு கூட்டு.
கழித்தல் ஆறு.
மறுபடி பெருக்கு, கூட்டு.
சுழியம்.

மலாய்ப் பாடநூல் மீதியைப் பாக்கி என்கிறது.
ரெலாவ் மளிகைக்கடை நோட்டில்
என் பெயருக்கு நேரேயும் அதே சொல்தான்.
பாக்கி இல்லை என்று ஓர் அட்டையாவது சொல்கிறதே,
பிஸ்கட்டை நனைத்தேன்.

ஈவுதான் உறுத்தியது.
எக்ஸ் கழித்தல் ஆறு. அவ்வளவுதானா?
கனத்திலிருந்து ஒரு படி இறங்கினால்
வர்க்கத்தில் அல்லவா கால் பட வேண்டும்?

இரண்டைப் போட்டுப் பார்த்தேன்.
கோவையில் நேராக இட்டால்
எட்டில் பதினான்கு போய் ஆறு சேர்ந்து சுழியம்.
அட்டையிலோ கழித்தல் நான்கு.

எக்ஸ் வர்க்கம்!
இந்தக் கோவையில் அது இல்லை.
இல்லையென்று இடமும் விடாமல் போயிருக்கிறேன்.

பதினொரு மணி ஷிப்டுக்கு மோகனசெல்வி வரவில்லை.
லைன் லீடர் ரொஸ்னானி பேனாவால் காட்டினார்,
ஆளுக்கு ஓர் இடம் முன்னே.
மூன்றாவது ஆள் இரண்டாம் ஸ்டூலுக்கு,
நான்காவது ஆள் மூன்றுக்கு.
காலியானது கடைசியில் இருந்த என் ஸ்டூல்.
இரண்டு மணிக் கணக்கு சரியாக வந்தது,
திரையில் பச்சை.
ஏன் வரவில்லை என்று யாரும் கேட்கவில்லை.
நானும்தான்.

ஒன்றால் வகுத்தால்
சுழியத்தை எழுதினாலும் விட்டாலும் மீதி மாறாது.
ஒன்று அப்படித்தான்,
தொட்டதையெல்லாம் அப்படியே திருப்பித் தரும்.
இரண்டிடம்தான் மாட்டிக்கொள்வோம்.

அட்டையைத் திருப்பினேன்.
ஒன்று, சுழியம், கழித்தல் ஏழு, ஆறு.
சுழியத்தைக் கொஞ்சம் பெரிதாகவே போட்டேன்.
கோட்டுக்குக் கீழே
ஒன்று, இரண்டு, கழித்தல் மூன்று,
பிறகு நிஜமாகவே பாக்கியில்லை.

மணியடிக்க நான்கு நிமிடம்.
காரணிப்படுத்த நேரமில்லை.
போனை எடுத்து
‘செல்வி, எங்க இருக்க?’ என்று அனுப்பினேன்.

ஒரு டிக் விழுந்தது.
இரண்டாவதற்கு இடம் விட்டு
லாக்கரைப் பூட்டினேன்.