காலி

அஞ்சாந்தேதி வாடகை கேட்டேன்.
"காலி"ன்னான் பைதர்.
"காலி தேபி"ன்னு இன்னொரு தபா.
பின்னால வந்தது காதுல ஏறல.
முன்னால வந்தது போதும் எனக்கு,
பதினெட்டு வருசமா வாடகைக்கு விடறவ,
அந்தச் சொல்ல வெச்சுத்தானே பொழப்பு.

"எப்போப்பா?"
சிரிச்சான். "காலி, காலி."
அவசரம் போலன்னு நெனச்சேன்.
ஊர்ல பொண்ணு பார்த்திருப்பாங்க,
இல்ல, ஐஸ் கம்பெனிக்காரன் தொரத்தியிருப்பான்.
நல்ல பையன்.
தண்ணி லாரி வந்தா
என் கொடத்தையும் சேத்துத் தூக்குவான்.

சாயங்காலமே அட்டை எழுதினேன்:
வீடு வாடகைக்கு விடப்படும்.
கேட்டு மேல கட்ட எனக்கு எட்டல.
அவன்தான் ஸ்டூல் போட்டு ஏறினான்.
ஒரு எழுத்தும் படிக்கத் தெரியாது,
நேரா இருக்கான்னு கண்ணாலயே கேட்டான்.
கொஞ்சம் இடதுபக்கம்னு கை காட்டினேன்.
வலைக்கயித்தால கட்டினான்,
அவங்க ஊர்க் கடல் முடிச்சு.

மறுநாள் காசிமேடு ஏலம் முடிஞ்ச நேரம்
ஈரக் கையோட வந்து
மூவாயிரத்து ஐந்நூறு நீட்டினான்.
கணக்குத் தீர்க்கறான்னு வாங்கிக்கினேன்.
அட்வான்ஸ் பத்தாயிரத்த
அவன் கையில வெச்சேன்.
ரெண்டு தபா எண்ணினான்.
என் மூஞ்சியப் பார்த்தான்.
நான் தலைய ஆட்டினேன்,
ஆமாம்ப்பா, சரியாத்தான் இருக்குன்னு.

பன்னண்டு மணிக்குள்ள
தகரப் பொட்டி, பாய், சுருட்டின கொசுவலை.
ரூமப் பெருக்கிட்டுத்தான் போனான்.

மூணாம் நாள் ஐஸ் கம்பெனி மேஸ்திரி வந்தாரு.
"இன்னா ரெஜினாக்கா,
ஒரு நாள் லேட்டுன்னா தொரத்திடுவியா?
நாளைக்குத் தர்றேன்னுதானே சொன்னான்?"

அவங்க பாஷையில காலின்னா நாளைக்காம்.
நேத்தைக்கும் அதே சொல்லுதானாம்.
எப்டி பொழங்கறாங்களோ.
ஆள் எங்கன்னு கேட்டேன்.
விசாகப்பட்டணம் போட்டுல ஏறிட்டதாக் கேள்வின்னாரு,
மீனுக்கு வெலை பேசற மாதிரி
கடலப் பார்த்துக்கினே.

ரூமுக்கு ஆள் வந்தாச்சு,
ஸ்டான்லி ஆஸ்பத்திரி நர்ஸ் பொண்ணு.
அட்டை மட்டும் தொங்குது.
போறவன் வர்றவன் கேட்டத் தட்டி
"வீடு காலியா?"ங்கறான்.
ஒவ்வொரு தபாவும் வயித்துல ஒண்ணு பெரளுது.
நகத்தால பார்த்தேன், கோணி ஊசியால பார்த்தேன்.
அந்த முடிச்சு அவுக்க வரல,
இழுக்க இழுக்க இறுகுது.
கத்தி எடுத்தா ஒரு நிமிசம்.
எடுத்தும் வெச்சிருக்கேன், ஜன்னல் மேல.

நாளைக்கு அறுக்கணும்.