வினையாட்டு விழா

கோத்தகிரி பேருந்து நிலையத்துக்குப் பின்னால்
மழை பெய்தால் படிக்கட்டே ஓடையாகிற சந்தில்
ஜெராக்ஸ், லேமினேஷன், தமிழ் டைப்பிங்.
காதுகுத்து, காணவில்லை, கண்ணீர் அஞ்சலி
எல்லாவற்றுக்கும் ஒரே கம்ப்யூட்டர்,
ஒரே நான்.

எஸ்டேட் பள்ளி பி.டி. மாஸ்டர் மாசிலாமணி
நோட்டீஸ் அடிக்க வந்த நாள்
கரண்ட் போய்ப் போய் வந்தது.
ளை நழுவிய இடத்தில்
னை வந்து உட்கார்ந்துவிட்டது.
இருநூறு பிரதி.
‘மாபெரும் வினையாட்டு விழா,
அனைவரும் வருக.’

கையைப் பிசைந்தேன். அவர்
விசிலை முதுகுப் பக்கம் தள்ளிவிட்டுப் படித்தார்.
மறுபடி படித்தார்.
முகத்தில் ஒரு சுருக்கம் அசையவில்லை.
‘சரியாத்தானே இருக்கு.
சாக்குப் பந்தயத்துல விழுற பையன்
விளையாட்டாவா விழுறான்?’

பாக்கி சொல்லிவிட்டு இறங்கினார்.
‘சம்பளம் வரலை. இந்த மாசம் நான்
காசிலாமணி.’

அந்த மனிதரின் பேச்சுக்கு
ஒரு சொல் தேடினேன்.
நூலகத்தில் அட்டை பிய்ந்த அகராதி.
நையாண்டி? யாருக்காவது வலிக்க வேண்டும்.
பகடி? இன்னொருவர் சட்டையை மாட்டிக்கொள்வது.
கிண்டல், கேலி, குசும்பு...
இவர் யாரையும் கிண்டவில்லை.
சொல்லிவிட்டுப் போய்விடுவார்;
வீட்டுக்கு ஏறுகிற மேட்டில்
பாதி வழி சிரிப்பு வரும்,
மீதி வழி வேறு ஏதோ.
பிறகுதான் உறைத்தது:
அந்தச் சொல்லை நானே அடித்து
இருநூறு பிரதி கொடுத்திருக்கிறேன்.

மார்கழியில் வந்தார்.
கக்கத்தில் கோயமுத்தூர் ஆஸ்பத்திரி ஃபைல்.
அதே ஸ்வெட்டர்
இரண்டு சைஸ் பெரிதாகியிருந்தது.
‘ஒரு போஸ்டர் அடிக்கணும்மா.
புரூஃப் இப்பவே பாத்துடறேன்,
அப்புறம் வர முடியாது.’
படம் தந்தார். பிறந்த தேதி தந்தார்.
இன்னொரு தேதிக்கு இடம் விடச் சொன்னார்.
‘கண்ணீர் வேண்டாம். இங்க அடிக்கிற குளிருக்குக்
கன்னத்துலயே உறைஞ்சிடும்.
வெந்நீர் அஞ்சலின்னு போடு.’
நான் சிரித்தேன்.
அவர் ஐம்பது ரூபாய் அட்வான்ஸ் வைத்தார்.

தை பிறந்து நாலாம் நாள்.
உறைபனியில் தேயிலை கருகிக் கிடந்தது.
அவர் தங்கை ஞானசுந்தரி வந்து
புரூஃபை விரல் வைத்துப் படித்தார்.
கண்ணீரில் விரல் நின்றது.
‘அண்ணன் வேற என்னமோ சொன்னாராமே?’
சொன்னேன்.
ஸ்வெட்டர் கையை வாயில் அழுத்திக்கொண்டார்.
தோள் குலுங்கியது. எதனால் என்று
இன்றைக்கும் எனக்குத் தெரியாது.
‘ஊருக்குக் கண்ணீர்னே இருக்கட்டும்.
அவர் கேட்டதை நான் பாத்துக்கிறேன்.’

சுடுகாடு கீழே, ஓடைச் சரிவில்.
போனவர்கள் இருட்டும் நேரம் விறைத்துத் திரும்பினார்கள்.
தலைமுழுகாமல் வாசல் ஏற முடியாது;
பைப்பைத் திறந்தால் ஊசி ஊசியாய்த் தண்ணீர்.
லைன் வீட்டு முன்னால்
மூன்று அடுப்பு, மூன்று அண்டா,
புகைந்து புகைந்து பிடித்த சில்வர் ஓக் விறகு.
அவரிடம் ஓடக் கற்ற பிள்ளைகள்
வாளியைக் கைமாற்றிக் கைமாற்றி ஓடினார்கள்,
ஒரு சொட்டுச் சிந்தாமல்.
மேனேஜருக்கு ஒரு வாளி.
மெமோ கொடுத்த ஹெட்மாஸ்டருக்கு ஒரு வாளி.
வட்டிக்காரருக்கும் ஒன்று.
முதல் சொம்பு உச்சந்தலையில் விழுந்ததும்
ஒவ்வொருவர் வாயிலிருந்தும்
‘ஆஹா’ என்று ஒரு சத்தம் வந்தது.
உடனே, சாவு வீட்டில் இப்படியா என்று
நாக்கைக் கடித்துக்கொண்டார்கள்.

நான் ஆவிக்குள் நின்றிருந்தேன்.
மூக்குக்கண்ணாடியில் ஒன்றும் தெரியவில்லை.

அந்த இருநூறு பிரதியின் பாக்கி
இன்னும் கடை நோட்டில் இருக்கிறது,
கா-வில் தொடங்கும் பெயரில்.