பதினோரு சென்ட்

பர்பாங்க்கில், சங்கக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில்
மறுஒளிபரப்புக் காசோலைகளை உறையிலிடுவது என் வேலை.
முகங்கள் தெரியாது எனக்கு.
தொகைகள் தெரியும்.

வெர்னா ஓக்ஸ், பதினோரு சென்ட்.
உறைமேல் ஒட்டும் தபால்தலை முப்பத்தேழு.

அவள் பெயருக்கு எதிரே இருநூற்றுப் பன்னிரண்டு வரிகள்.
சிகரெட் விற்கும் பெண்.
தொலைபேசி இணைப்பாளர்.
நர்ஸ் 2, நர்ஸ் 2, மறுபடி நர்ஸ் 2.
நர்ஸ் 1 என்று ஒருமுறைகூட இல்லை.
வண்டி கிளம்பும்போது கையசைக்கும் பண்ணைக்காரன் மனைவி,
வாடகை கேட்பவள்,
ஜூரி எண் ஏழு.
ஒரே துப்பறியும் தொடரில்
எழுபத்து நாலில் கொலைகாரனைப் பெற்றவளாக அழுதாள்
எண்பதில் நீதிபதியாக வந்து
அதே நடிகனை, வேறு பெயரில், ஆயுளுக்கும் உள்ளே தள்ளினாள்.
யாரும் கவனிக்கவில்லை.
கவனிக்காததற்குத்தான் சம்பளம் என்பாளாம்.

அவள் காசோலைகளை மாற்றுவதே இல்லை.
கணக்கு மூடவில்லை என்று
மேலாளர் ட்வைட் மூன்று கடிதம் எழுதினார்.
நாலாவதற்குப் பதிலாக ஆளே வந்து நின்றாள்,
கையில் ஒரு காலணிப் பெட்டி.
அறுநூற்றுப் பதினொன்று, எண்ணியாயிற்று, என்றாள்.
உட்கார்ந்தாள்.
எழுபத்து நாலு வயதில்
நாற்காலியைத் திரும்பிப் பார்க்காமல் உட்காரும் ஒரே பெண்
அவள்தான், நான் பார்த்தவரை.

நான் ஒவ்வொன்றாக வாசித்துப் பதிந்தேன்.
அவள் ஒவ்வொன்றுக்கும் வசனம் சொன்னாள்.
"டாக்டர் இப்போது வந்துவிடுவார்."
"அவர் நேற்றே காலி செய்துவிட்டுப் போய்விட்டாரே."
"இன்னும் கொஞ்சம் காபி?"
காபி மட்டும் தொண்ணூறு தடவை இருக்கும்.
அதில் ஒரு சண்டையும் உண்டு அவளுக்கு:
கோப்பையில் எதையாவது ஊற்றித் தொலையுங்கள்,
வெந்நீராவது.
காலிக் கோப்பையைக் கனமாகத் தூக்க
கதாநாயகனுக்கும் தெரியாது.
நான் எட்டடி தள்ளி, பாதி மங்கலில் நிற்கிறேன்,
எனக்குத் தெரிகிறது.

ஒரு காசோலையில் நின்றோம்.
ஐம்பத்தெட்டு, பேருந்து நிலையத்தில் சகோதரி.
வசனம் வரவில்லை.
கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தாள்.
வெட்டிவிட்டார்கள் அதை, என்றாள்.
என்னிடம் சொல்லவில்லை.
டொலீடோவிலிருந்து அம்மாவை ரயிலில் வரவழைத்து
இரண்டாம் வரிசையில் உட்கார வைத்திருந்தேன்.
பேருந்து நிலையமே வரவில்லை.
அம்மாவுக்கு ஆங்கிலம் அவ்வளவாகப் போதாது.
படம் முடிந்ததும் போலிஷில் சொன்னாள்,
நல்லா இருந்தே, அந்தத் தொப்பி பொருந்துச்சு.
எந்தத் தொப்பி என்று நான் கேட்கவில்லை.
இன்றுவரை.

வெளியே தெருவில் குப்பை வண்டி பின்வாங்கும் ஓசை.
ட்வைட் எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

ஓக்ஸ் என்பது ஸ்டூடியோ வைத்த பெயர்.
பிறந்த பெயர் ஒலெக்சியாக்.
பெயர்ப்பட்டியலில் இடம் போதாதாம்.
அந்தப் பட்டியலிலும் பாதிநாள் அவள் இல்லை.

மொத்தம் நூற்றுப் பதினெட்டு டாலர், நாலு சென்ட்.
ஒரே காசோலையாகக் கொடுத்தோம்.
விளக்கைப் பார்த்துத் தூக்கிப் பிடித்தாள்,
கள்ளநோட்டைப் பார்ப்பதுபோல.
பேருந்துச் சகோதரியின் பழைய காசோலையை மட்டும்
திருப்பிக் கேட்டாள்.
விதிப்படி கூடாது.
கொடுத்தேன்.
பெட்டி காலி. அதையும் எடுத்துக்கொண்டாள்,
இரண்டு கையாலும்,
உள்ளே அறுநூறும் இருப்பதுபோல.

அடுத்த வாரம் புதிதாக ஒன்று வந்திருக்கிறது:
நர்ஸ் 2, லிதுவேனியா, ஒன்பது சென்ட்.
யாரோ ஒருத்தி வில்னியூஸில் ஒலிவாங்கியின் முன் நின்று
அவள் உதட்டுக்குத் தன் குரலை வெட்டிப் பொருத்தியிருக்கிறாள்.
அவளுக்கு எவ்வளவு கொடுத்தார்களோ.

தபால்தலையை நாக்கில் தொட்டு ஒட்டுகிறேன்.
ட்வைட் பார்க்காதபோது
உறைமேல் பெயரை முழுதாக எழுதுகிறேன்,
ஒலெக்சியாக்,
இடம் இருக்கிறது.