பதினான்காவது பெயர்

சுனாம்கஞ்ச் கோர்ட்டில் மூன்றாவது வாய்தா.
கூண்டில் நிபாரண் பர்மன்.
களவு போனது: ரோகு இரண்டு, கெளுத்தி அரைக்கூடை.
இடம்: குத்தகைக்கு விட்ட போயால்மாரி ஏரி.

மழைக்காலத்தில் அதற்குக் கரை கிடையாது.
வயல், சுடுகாடு, பள்ளிக்கூட மைதானம்
எல்லாம் ஒரே தண்ணீர்.
எல்லைக்கல் எங்கே என்றார் வக்கீல்.
"என் படகுக்கு அடியில் எங்கோ."
தட்டச்சர் 'எங்கோ' வரை அடித்து
கையை எடுத்துக்கொண்டார்.

பிறகு பத்திரம் வாசித்தார்கள்.
மீனவர் கூட்டுறவுச் சங்கம், ஆறாண்டுக் குத்தகை,
உறுப்பினர் இருபது பேர்.
பதினான்காவது,
நிபாரண் பர்மன், தகப்பன் ஹரசரண்,
இடது பெருவிரல் ரேகை.

வெள்ள நிவாரண அரிசி என்று சொல்லி
மை தடவி வாங்கிய ரேகை.
பத்து கிலோ என்றார்கள். ஏழுதான் இருந்தது.

பின்வரிசையில் தொஃபைல் சௌத்ரி செருமினார்.
காவல் படகுகள் அவருடையவை,
ஏலப்பணமும்.
அவர் பெயர் பத்திரத்தில் எங்குமே இல்லை.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்:
"உன் ஏரியில் நீயே திருடினாயா?"

நிபாரண் பெருவிரலை வேட்டியில் துடைத்தான்.
"அப்படியானால், ஹுசூர்,
என் மீன் எங்கே?"

குமாஸ்தா கட்டைப் புரட்டி வாசித்தார்:
சான்றுப்பொருள் அழுகியது. அழிக்கப்பட்டது.

அடுத்த வாய்தா பால்குன மாதம்.
ஏரி வற்றி, வலையிழுத்து முடித்த பிறகு.